கைதாகாத பதினொரு பாட்டுகள்

நியூ ஜெர்சியின் எடிசனில் நாங்கள் காய்கறி வாங்கும் சூப்பர் மார்க்கெட்டில், கூரை ஸ்பீக்கரில் பாட்டு மாறினால் குமாரசாமி தள்ளுவண்டியை விட்டுவிடுவார். கையில் கொத்தமல்லிக் கட்டோடு அண்ணாந்து நிற்பார். பின்னால் வருகிறவர்கள் 'எக்ஸ்க்யூஸ் மீ' சொல்லி அலுத்துப் போவார்கள். "லாயிட் வெண்டல் சார். ட்ரம்பெட்ட கேளுங்க, வாயில மூடி போட்டு ஊதறான்" என்பார். உடனே இரண்டு பக்கமும் பார்ப்பார், யார் காதிலாவது விழுந்துவிட்டதா என்று.

இந்த 1995-இல் அவருக்கு வயது எழுபது. ஐம்பதுகளில் கோடம்பாக்கத்தில் சினிமாப் பாட்டுகளுக்கு வாத்திய இசை எழுதியவர். அப்படித்தான் அவர் சொல்கிறார்; டைட்டிலில் பெயர் வந்ததில்லை. இசையமைப்பாளர் அமெரிக்க இசைத்தட்டு ஒன்றைக் கையில் திணித்து, "புதன்கிழமை ரெக்கார்டிங்" என்பாராம். இவர் அதை நம் காதுக்கு ஏற்ப வளைத்து, வயலினுக்கு இவ்வளவு, குழலுக்கு இவ்வளவு என்று பங்கு போட்டு எழுதுவார். அப்படி எடுத்ததில் பதினொன்று வெண்டலுடையவை.

வெண்டலின் ஜாதகமே இவர் கையில் இருக்கிறது. பத்தொன்பது வயதில் நடன இசைக்குழுவுக்கு நோட்ஸ் நகலெடுக்கும் வேலை. அப்புறம் ஊரார் பாட்டுக்கெல்லாம் வாத்தியம் அமைத்தது. சொந்தப் பாட்டுகளோடு பன்னிரண்டு வருஷம் கொடிகட்டிப் பறந்தது. கடைசியில் சோப்பு விளம்பரம். "கிட்டார் வந்துச்சு சார். அவரும் காலி, நானும் காலி." ஆள் உயிரோடு இருக்கிறார், அதுவும் இதே நியூ ஜெர்சியில் என்று லைப்ரரியில் படித்ததிலிருந்து, பிடிக்க வந்துவிடுவார்களோ என்று குமாரசாமி யார் கதவைத் தட்டினாலும் திறப்பதில்லை. டெலிமார்க்கெட்டிங் பெண்ணிடம் "நோ குமாரசாமி ஹியர்" என்கிறார். என்னிடமே, "நீங்க பத்திரிகைக்கு எழுதறீங்களாமே, யார் அனுப்பினது?" என்று கேட்டார்.

எனக்கும் அவர்மேல் சந்தேகம்தான். சினிமாவுக்கு வாத்தியம் எழுதினேன் என்ற சாட்சியில்லாத பெருமையைத் திருட்டு என்று சொல்லி நம்ப வைக்கிறாரோ?

இந்த மார்ச்சில் க்ரீன் கார்டு பாரம் வந்தது. 'குற்றம் செய்தும் கைதாகாமல் இருந்ததுண்டா?' என்ற கேள்விக்கு 'நோ' போட மாட்டேன் என்றுவிட்டார். விசா முடிய ஒன்பது நாள். திரும்பிப் போகலாமென்றால் சென்னையில் மனைவியும் இல்லை, வீடும் இல்லை.

"அது கொலை, கொள்ளைக்கான கொஸ்டின்ப்பா. ப்ளீஸ், ஸைன் பண்ணுங்க" என்று மகள் கண்மணி அழுதாள்.

"பதினொரு பாட்டும்மா. எப்படி நோ போடறது?"

வக்கீலிடம் நான்தான் கூட்டிப் போனேன். அந்த வெள்ளைக்கார அம்மாள் பொறுமையாகக் கேட்டார். இது அந்தக் கேள்வியில் வராது, நாற்பது வருஷத்துக்கு முந்தைய பாட்டைத் தேடிக்கொண்டு யாரும் வரப்போவதில்லை, தாராளமாக 'நோ' போடலாம் என்றார். எனக்கு மூச்சு வந்தது. குமாரசாமியின் முகம் தொங்கிப்போயிற்று.

"யாருமே கேக்க மாட்டாங்களா?" என்றார் என்னிடம். "வெண்டல்கூட?"

"மாட்டாங்க அங்கிள்."

அவர் செய்த வேலையைப் பற்றி இத்தனை வருஷத்தில் வாய்திறந்து கேட்டது அந்தப் பாரம் ஒன்றுதான். சந்தேகப்பட்டதற்கு வெட்கமாக இருந்தது.

'நோ' கட்டத்தில் டிக் போட்டுக் கையெழுத்திட்டார். சட்டைப் பையிலிருந்து நாலாக மடித்த தாள் ஒன்றை எடுத்துப் பிரித்தார். பதினொரு பாட்டு, படம், வருஷம். ஒவ்வொன்றுக்கும் எதிரே எஸ். குமாரசாமி. வக்கீல் ஃபோன் பேசத் திரும்பிய நேரம் பார்த்து, அதைப் பாரத்தின் நடுவே செருகி உறையில் போட்டு, உறையை நாக்கால் ஈரப்படுத்தி ஒட்டினார்.