கைமாற்றத் தடையும் கோழிக் கொட்டகையும்

மோட்டார்க்காரருக்கு எதிலும் ஒழுங்கு வேண்டும். யாருடைய பம்புசெட் நின்றுபோனாலும் அவர்தான் பிரித்துப் பூட்டுவார். கழற்றிய திருகாணிகளைப் பழைய வேட்டியில் அளவுவாரியாக அடுக்கிவிட்டுத்தான் கோளாறு என்னவென்றே பார்ப்பார். அப்படிப்பட்ட மனிதருக்கு அப்பா விட்டுப்போன நிலம், நாலு திசையில் நாலு துண்டு. ஒன்று வாய்க்கால் ஓரம், ஒன்று செங்கல் சூளைக்குப் பின்னால், ஒன்றுக்கு அடுத்தவர் வயலை மிதிக்காமல் போகவே முடியாது. சாலையோரத் துண்டு ஒன்றுதான் உருப்படி. அதுவும் கோணல்.

அதைத்தான் தங்கைக்குத் தருவதாக வாக்குக் கொடுத்திருந்தார். புருஷன் போனபின் அண்ணன் வீட்டுக் கொல்லையில் கோழி வளர்த்துப் பிழைப்பவள். கோழிகள் அண்ணியின் துணிக்கொடியில் ஏறி உட்கார்ந்ததில் இரு தரப்புக்கும் பேச்சு வார்த்தை முறிந்திருந்தது. கொட்டகைக்கு இடம் வேண்டும். உடனே எழுதிக் கொடுத்திருக்கலாம். ஆனால் கூடப்பிறந்தவளுக்குக் கோணல் துண்டைக் கொடுப்பதாவது! சிதறிய துண்டுகளைச் சேர்த்து, ஆளுக்கு ஒரே இடமாக நேர்கோட்டில் அளந்து தரும் திட்டம் வேண்டுமென்று ஊரார் மனுப் போட்டபோது, முதல் கையெழுத்து அவருடையதுதான். அரசாங்கமும் வழக்கத்துக்கு விரோதமாக மனுவைப் படித்து, திட்டத்தை அறிவித்தும் தொலைத்துவிட்டது.

திட்ட அலுவலகத்தில், செங்கல் முட்டுக்கொடுத்த மேசைக்குப் பின்னாலிருந்து குமாஸ்தா விளக்கினார்.

"திட்டம் முடியுற வரைக்கும் விக்கக் கூடாது, தானம் கொடுக்கக் கூடாது, மாத்திக்கவும் கூடாது."

"என் நிலம்தானே சார்?"

"அதுல யாருக்குச் சந்தேகம்? உங்களோடதுதான். உங்ககிட்டயே இருக்கட்டும்."

"எப்ப முடியும்?"

"ஆரம்பிச்சா முடிஞ்சுரும்."

சிறப்பு அனுமதி கேட்டார். ஏற்கெனவே சின்னத் துண்டு, அதைத் தனியாகப் பிரித்தால் திட்டத்தின் நோக்கமே கெட்டுவிடும் என்று மறுத்தார்கள். விடாமல் போய் நின்றதில் குமாஸ்தாவுக்கே மனம் இளகியது.

"ஒரு வழி இருக்கு. செத்தவங்க நிலம் வாரிசுக்குப் போறதைச் சட்டம் தடுக்கலை."

"அதுக்கு நான் சாகணுமே!"

"அதுக்கு இங்க அனுமதி வேண்டியதில்லை. தங்கச்சிக்குப் போகணும்னா மட்டும் உயில் எழுதி வெச்சிட்டுப் போங்க."

வீட்டுக்கு வந்து விஷயத்தைச் சொன்னதும் தங்கை தீவனச் சட்டியை ஓசையெழ வைத்தாள்.

"கோணலா இருந்தா என் கோழி என்ன வழுக்கியா விழப்போகுதுன்னு அன்னிக்கே கேட்டேன். நேராக்கித் தரேன், நேராக்கித் தரேன்னு சொல்லி இப்ப நீ மட்டும்தான் நேரா நிக்கிறே, கம்பம் மாதிரி."

"சட்டம்மா. நான் என்ன பண்ண?"

"புதுசா அளந்து அந்த இடத்தை வேற எவனுக்காவது கொடுத்துட்டா?"

அவருக்கும் அந்தப் பயம்தான். ஒரு மோட்டாரைப் பிரிக்கப் போனார்.

மறுநாள், வாயைத் திறக்கக்கூடாது என்ற நிபந்தனையோடு அண்ணனையும் இழுத்துக்கொண்டு அவளே அலுவலகத்துக்குப் போனாள்.

"ஐயா, கூடாததெல்லாம் அண்ணன் மனப்பாடமா ஒப்பிக்கிறாரு. அந்த நிலத்துல செய்யக் கூடியது என்ன?"

"உழலாம், மரம் வைக்கலாம், ஆடு மாடு கோழி வளர்க்கலாம். கொட்டகை இருந்தா முடிஞ்ச வரைக்கும் அந்த இடத்தைச் சொந்தக்காரருக்கே ஒதுக்குவோம்."

"இதை ஏன் சார் முதல்லயே சொல்லலை?" மோட்டார்க்காரர் நிபந்தனையை மீறினார்.

"நீங்க கொடுக்குறதைப் பத்தித்தானே கேட்டீங்க, வளர்க்குறதைப் பத்தியா?"

கொட்டகை எழும்பியது. கோழிகள் குடியேறின. அண்ணி துணிக்கொடியைக் கழுவினாள். ஒருநாள் அளவைக்காரர்களோடு அதிகாரியும் வந்தார்.

"கொட்டகை யாரோடது?"

"என்னோடதுதான் சார்," என்றார் மோட்டார்க்காரர்.

"கோழி?"

அவர் தங்கையைப் பார்த்தார். அவள் வானத்தைப் பார்த்தாள்.

"அதுவும் என்னோடதுதான்."

"தீவனம் என்ன போடறீங்க?"

"அது... கோழி எதைத் தின்னுமோ அதைத்தான் சார்."

அதிகாரி அவரை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு, சொந்தக்காரர் கோழி வளர்க்கிறார், இடத்தை அவருக்கே விடலாம் என்று எழுதிக்கொண்டு நடையைக் கட்டினார்.

மோட்டார்க்காரர் நெற்றியைத் துடைத்தார். "திட்டம் முடியட்டும்மா. அன்னிக்கே உன் பேருக்கு எழுதிடறேன்."

தங்கை கூடையையும் மண்வெட்டியையும் அவர் கையில் திணித்தாள்.

"அப்புறம் எழுதலாம். இப்பக் கோழி எச்சத்தை அள்ளு. அதைக் கைமாத்த எந்தச் சட்டமும் குறுக்க வரலை."