பாலம் திறந்த தேதி

பத்திரிகை அலுவலகத்தில் அவளைத் தேதியக்கா என்றுதான் எல்லோரும் கூப்பிட்டார்கள். சொந்தப் பேர் வருகைப் பதிவேட்டோடு சரி.

மாடிப்படிக்கு அடியில் ஜன்னலில்லாத அறை ஒன்று அவளுக்கு. சுவரை அடைத்துக்கொண்டு ஒரு மர அலமாரி. அதில் முந்நூற்று அறுபத்தாறு சின்ன இழுப்பறைகள், ஆண்டின் ஒவ்வொரு நாளுக்கும் ஒன்று. எதை இழுத்தாலும் உள்ளே அட்டைகள் இருக்கும். அன்று பிறந்தவர்கள், இறந்தவர்கள், மூண்ட போர், முடிந்த போர், எங்கோ ஒரு நாட்டுக்கு விடுமுறை. ஒன்றுக்கொன்று ஒட்டோ உறவோ கிடையாது. மழைக்கு ஒரே நிழற்குடையில் ஒதுங்கியவர்கள் மாதிரி நிற்கும். மாலை நான்கு மணிக்குள் அவற்றில் ஏழெட்டைப் பொறுக்கி, 'இதே நாளில்' என்ற தலைப்பில் மறுநாளுக்கு அரைப் பத்தி எழுதிக் கொடுப்பாள். இருபத்து மூன்று வருடமாக அதுதான் வேலை.

அவளைப் பெரிய ஆராய்ச்சியாளர் என்று சொன்னால் மிகை. அதிகம் படித்தவளும் அல்ல. ஆனால் ஒரு கட்டுப்பாடு வைத்திருந்தாள்: இரண்டு சாட்சி இல்லாமல் எந்தத் தேதியும் அட்டையில் ஏறாது. ஒரு புத்தகம் சொன்னால் போதாது, இன்னொன்றும் சொல்ல வேண்டும். இந்தப் பிடிவாதத்தால் பல சுவையான செய்திகள் இழுப்பறைக்குள் நுழைய முடியாமல் போனதுண்டு. அதற்காக அவள் வருத்தப்பட்டதில்லை.

அந்தப் பத்தி தொடங்கிய முதல் வருடம், அக்டோபர் நான்காம் தேதி, கழுத்தில் அளவுநாடா தொங்க ஒரு தையல்காரர் அவளைத் தேடி வந்தார். கையில் அன்றைய பத்திரிகை.

"அம்மா, ஆத்துப் பாலம் திறந்தது இன்னைக்குன்னு போட்டிருக்கீங்களே, நிச்சயமா?"

"நிச்சயம்தான் ஐயா. பாலத்துக் கல்வெட்டுல இருக்கு, விழா மலர்லயும் இருக்கு. ரெண்டு சாட்சி."

அவர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். பாலம் திறந்த அன்றைக்குப் பிறந்தவன் என்பதைத் தவிர அவர் அம்மா வேறெதுவும் சொன்னதில்லை. பள்ளிச் சான்றிதழில் ஜனவரி ஒன்று. அவர் வகுப்பில் பாதிப் பேருக்கு அதே தேதிதான், வாத்தியார் உபயம். "ஜனவரி ஒண்ணு ஊரே கொண்டாடுற நாளு, அதுல எனக்குன்னு என்னம்மா இருக்கு? நாப்பத்தஞ்சு வயசுல இன்னைக்குத்தான் பொறந்திருக்கேன்" என்றார். அதன்பின் வருடந்தோறும் அந்தத் தேதிக்குக் காலையில் தொலைபேசியில் கூப்பிடுவார். "என்னைப் போட்டிருக்கீங்கம்மா, பார்த்தேன்." அவ்வளவுதான் பேச்சு.

இந்த வருடம் பழைய பத்திரிகைகளைப் படம் பிடித்துக் கணினியில் ஏற்றும் வேலை நடந்தது. செப்டம்பர் கடைசியில், அறுபத்தெட்டு வருடத்துக்கு முந்தைய கட்டு ஒன்றைத் தூசி தட்டிப் பிரித்தவள், அக்டோபர் ஐந்தாம் தேதி இதழில் கண் நிலைக்க நின்றாள். 'கனமழையால் கரை சரிந்தது. பாலம் திறப்பு ஒத்திவைப்பு.' ஆறாம் தேதி இதழில், 'நேற்று பாலம் திறக்கப்பட்டது.'

நான்கு அல்ல, ஐந்து.

கல்வெட்டை முன்கூட்டியே செதுக்கி வைத்துவிட்டார்கள். மலரையும் முன்கூட்டியே அச்சடித்துவிட்டார்கள். மழை யாரைக் கேட்டுக்கொண்டு பெய்கிறது? இரண்டு சாட்சி என்று அவள் நம்பியிருந்தவை ஒரே வாயிலிருந்து வந்தவை.

பொறுப்பாசிரியர் கொட்டாவி விட்டபடி கேட்டார். "ஒரு நாள்தானே அக்கா? சத்தமில்லாம அஞ்சுக்கு மாத்திடுங்க. யாரு கவனிக்கப் போறா?"

"ஒருத்தர் கவனிப்பார்."

'நிச்சயம்தான்' என்று தையல்காரருக்கு வாக்குக் கொடுத்தவள் அவள். அறுபத்தெட்டு வயது மனிதரிடம் போய், உங்கள் பிறந்தநாளைத் திருப்பிக் கொடுங்கள் என்று எந்த முகத்தோடு கேட்பது? இரண்டு நாள் தள்ளிப் போட்டாள். மூன்றாம் தேதி காலையில் ஆறாம் தேதி இதழின் முதல் இரண்டு பக்கங்களையும் நகலெடுத்துக்கொண்டு கிளம்பினாள்.

தையல்கடை ஒற்றை அறை. இரண்டு இயந்திரம், வெட்டும் மேசை, கொக்கிகளில் தைத்து முடித்த சட்டைகள். மேசைக் கண்ணாடிக்கு அடியில் அவள் எழுதிய பத்திகள் வரிசையாக இருந்தன, இருபத்து மூன்று. தையல்காரரின் மனைவி தரையில் உட்கார்ந்து பொத்தான் தைத்துக்கொண்டிருந்தாள்.

"வாங்கம்மா. நாளைக்கு இவர் பொறந்தநாள்னு இன்னைக்கே வந்துட்டீங்களா? உலக விலங்குகள் நாள்னும் சேர்த்துத்தானே போடுவீங்க? நான் சொல்லவே வேணாம், நீங்களே வருஷா வருஷம் அச்சுல போட்டுடுறீங்க."

"பாருங்கம்மா, காலங்காத்தாலயே ஆரம்பிச்சுட்டா" என்றார் தையல்காரர்.

தேதியக்காவுக்குச் சிரிப்பு வரவில்லை. சுற்றி வளைக்காமல் சொல்லிவிட்டாள். "ஐயா, நான் தப்பாப் போட்டுட்டேன். பாலம் நாலாந்தேதி திறக்கல. அஞ்சாந்தேதி." நகல்களை மேசையில் விரித்தாள்.

ஊசி நின்றது. தையல்காரர் கண்ணாடியைத் துடைத்து மாட்டினார். எதையும் தலைப்போடு விடுகிற ஆள் இல்லை அவர். ஒரு துணியின் ஓரத்தை விரலால் தடவிக்கொண்டே போகிறவர் போல வரி வரியாக, முதல் பக்கத்தை மனதுக்குள்ளேயே படித்து முடித்து இரண்டாவதற்கு வந்தார். அதன் கடைசியில் நாலைந்து வரிச் செய்தி ஒன்று இருந்தது. தேதியக்கா அதை மூன்று முறையாவது படித்திருப்பாள். தேதி எதுவும் இல்லாததால் கண் அதில் தங்கவில்லை. தொழில் கற்றுக்கொடுத்த குருட்டுத்தனம். அந்தச் செய்தியைத் தையல்காரர் வாய்விட்டுப் படித்தார்.

"'விழா தொடங்குமுன் ஒருவர், பிரசவ வேதனையுற்ற தம் மனைவியைக் கைவண்டியில் வைத்துத் தள்ளி வந்து, மறுகரை மருத்துவமனைக்கு வழிவிடுமாறு மன்றாடினார். காவலர் தடுத்தனர். தலைமைப் பொறியாளர் தாமே முன்வந்து நாடாவை இரு கைகளாலும் உயர்த்திப் பிடிக்க, வண்டி அதனடியில் சென்றது. பாலத்தை முதலில் கடந்தவர் அப்பெண்மணியே எனக் கூடியிருந்தோர் ஆரவாரித்தனர்.'"

அவர் குரல் கடைசிச் சொல்லில் இறங்கிவிட்டது.

"எங்கம்மா சொல்லும்" என்றார் பிறகு. "ஒரு பெரிய மனுஷன் பட்டுத்துணியத் தூக்கிப் பிடிச்சான்டா, நான் படுத்துக்கிட்டே அதுக்குக் கீழ போனேன்னு. வலியில ஏதோ கனவு கண்டிருக்குன்னு நினைச்சேன். சிரிச்சிருக்கேன்மா. அது முன்னாடியே சிரிச்சிருக்கேன்."

தேதியக்கா சட்டென்று கையை நீட்டி முதல் பக்கத்தின் நடுப்பத்தியை உள்ளங்கையால் மூடினாள். அங்கே நாடாவைப் பற்றி ஒரு வரி இருந்தது. அந்த வரியை அவர் இப்போதுதான் படித்துவிட்டார், இனி அவர் சாட்சி செல்லாது என்பது அவளுக்கே உறைத்தது. தையல்காரரை விட்டுவிட்டு மனைவி பக்கம் திரும்பினாள்.

"நீங்க சொல்லுங்க. மாமியார் அந்தத் துணி என்ன நிறம்னு சொன்னாங்க?"

"நிறமா? நீலம். எத்தனை தடவை கேட்டிருக்கேன்! நீலப் பட்டு, ரெண்டு விரல் அகலம்னு கையிலயே அளந்து காட்டுவாங்க. தையல்காரன் அம்மால்ல."

தேதியக்கா கையை எடுத்தாள். மனைவிக்கு எழுத்துக் கூட்டத் தெரியாது. தையல்காரர்தான் விரல் வைத்து அந்த வரியை மறுபடி படித்தார். 'இரு விரல் அகல நீலப் பட்டு நாடா.'

தேதியக்கா அந்த வரியைத் தானும் ஒருமுறை படித்தாள். விழா மலரில் நிறம் கிடையாது. படங்கள் கறுப்பு வெள்ளை. ஒரு நிருபர் நின்றுகொண்டு பார்த்தது. ஒரு பெண் மல்லாந்து படுத்துக்கொண்டு பார்த்தது. இரண்டும் அறுபத்தெட்டு வருடம் ஒன்றையொன்று அறியாமல், ஒன்று காகிதத்திலும் மற்றது பேச்சிலுமாக நடந்து வந்து இந்த மேசையில் சந்தித்திருக்கின்றன. தன் அலமாரியில் இருக்கும் அத்தனை அட்டைகளிலும் இப்படிக் கீழே படுத்திருந்தவர்கள் எத்தனை பேர் இருப்பார்கள் என்று எண்ணிப் பார்த்தாள்.

தையல்காரர் கண்ணை அளவுநாடாவின் நுனியால் துடைத்துக்கொண்டார். "ஒரு நாள் சின்னவனாயிட்டேன். போகட்டும். நாலாந்தேதிய என்னம்மா பண்றது? இத்தனை வருஷம் என்கூட இருந்துச்சு. பொண்ணு கல்யாணமே அன்னைக்குத்தான் வெச்சேன்."

"எனக்குக் குடுத்துடுங்க" என்றாள் மனைவி, பொத்தானிலிருந்து தலை நிமிராமல்.

"உனக்கா?"

"எனக்கு எந்தத் தேதி இருக்கு? நான் பள்ளிக்கூடம் போயிருந்தா வாத்தியார் ஜனவரி ஒண்ணாவது குடுத்திருப்பார். அதுவும் இல்ல. இவ்வளவு நாளா கேக் வெட்டினது நீங்க, பாத்திரம் கழுவினது நான்."

"விலங்குகள் நாளாச்சே, பரவாயில்லையா?"

"உங்களோட நாப்பது வருஷம் குடித்தனம் பண்ணினவளுக்கு அது பொருத்தம்தான். அஞ்சாந்தேதிக்கு என்னம்மா விசேஷம்?"

"உலக ஆசிரியர் நாள்" என்றாள் தேதியக்கா.

"போச்சு! இனிமே இவரு எனக்குப் பாடம் நடத்தவே ஆரம்பிச்சுடுவாரே."

மூவரும் சிரித்தார்கள். தையல்காரர் சிரித்துக்கொண்டே அழுதார். மனைவி எழுந்து போய்த் தண்ணீர் கொண்டுவந்தாள்.

அலுவலகத்துக்குத் திரும்பும்போது தேதியக்கா பேருந்தில் ஏறவில்லை. பாலத்தை நடந்து கடந்தாள். லாரிகளும் சைக்கிள்களும் இரைந்துகொண்டு போயின. ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை எண்ணிக்கொண்டே அடி வைத்தாள்: அறுநூற்றுப் பன்னிரண்டு. அவ்வளவு தூரமும் அன்று காலியாகக் கிடந்திருக்கும். பின்னால் ஊரே நின்று பார்க்க, ஒரு ஆள் தனியாக வண்டி தள்ளிக்கொண்டு போயிருக்கிறான்.

மூன்றே முக்காலுக்குத் திருத்தத்தை எழுதிக் கொடுத்தாள். பதினொரு வரி. பொறுப்பாசிரியர் மூன்று வரிக்குத்தான் இடம் இருக்கிறது என்றார். அவள் பேனாவை வாங்கிக் கல்வெட்டை அடித்தாள், விழா மலரை அடித்தாள், தான் ஏமாந்த விதத்தை விளக்கிய வரிகளையும் அடித்தாள். தவறு தன்னுடையது என்ற வரியையும், சரியான தேதியையும், அந்தக் கைவண்டியையும் விட்டுவைத்தாள்.