மைத்துனனின் பதினொரு டேக்

ஃபிலிமை வெட்டி டேப் ஒட்டிய காலத்தில் தொழிலுக்கு வந்தவர் எடிட்டர். முப்பது வருஷத்தில் படப்பிடிப்புப் பக்கம் ஒரு நாளும் தலைவைத்துப் படுத்ததில்லை. ஒரு ஷாட்டுக்காக எத்தனை பேர் மழையில் நனைந்தார்கள் என்று தெரிந்துவிட்டால், அதை வெட்டக் கை வராதாம். பெரிய பெரிய நடிகர்கள் குடம் குடமாக அழுத காட்சிகளை ஈவிரக்கமில்லாமல் தூக்கிப் போட்டுவிட்டு டீ குடிக்கப் போவார்.

அப்பேர்ப்பட்ட மனுஷர் மனைவியின் தம்பியிடம் வசமாக மாட்டிக்கொண்டார்.

மைத்துனன் குடிநீர் வாரியத்தில் நிரந்தரக் குமாஸ்தா. அக்கா நச்சரித்ததில் ஒரு படத்தில் சின்ன வேஷம் கிடைத்தது. மகன் இறந்த செய்தியைக் கேட்கும் தகப்பன். பதினொரு டேக் எடுத்திருந்தார்கள். பதினொன்றிலும் முகத்தைக் கோணி, மூக்கை உறிஞ்சி, ஊரைக் கூட்டியிருந்தான். காட்சியை எடுத்துவிட்டால் கதை நொண்டும். அப்படியே விட்டால் தியேட்டர் சிரிக்கும், வீட்டில் சோறு கிடைக்காது.

நான்கு நாள் மண்டையை உடைத்துக்கொண்டார். 'ஆக்‌ஷன்' சொல்வதற்கு முன், கேமரா ஓடுவது தெரியாமல் மைத்துனன் வெறுமனே நின்ற ஐந்து விநாடி கிடைத்தது. மூன்றாம் டேக்கில் இயக்குநர் திட்டியபோது தலைகுனிந்திருந்தான். எட்டாவதில் கண்ணில் தூசி. வசனத்தை மொத்தமாகத் தூக்கிவிட்டு இவற்றை மட்டும் ஒட்டினார். துக்கத்தில் உறைந்துபோன ஒரு தகப்பன் திரையில் நின்றான். எடிட்டரே அன்றைக்கு டீயை மறந்தார்.

படம் வந்தது. அந்த ஒரு நிமிஷத்தை ஊரே தலையில் தூக்கிவைத்து ஆடியது. மைத்துனன் வேலையை விடப்போவதாக வந்து நின்றான். அவனுடைய இரண்டு பிள்ளைகளும் இன்னும் பள்ளிக்கூடம் தாண்டவில்லை. எல்லாம் வெட்டி ஒட்டிய வேலை என்று எடிட்டர் வாயால் சொன்னால் பொறாமை என்பார்கள். அக்காவையும் தம்பியையும் எடிட்டிங் அறைக்கு அழைத்துப்போய் பதினொரு டேக்கையும் வரிசையாக ஓடவிட்டார்.

மைத்துனன் கண் கொட்டாமல் பார்த்தான். முடிந்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டான். புரிந்துவிட்டது, பிழைத்தோம் என்று எடிட்டர் நினைத்தார்.

"இவ்வளவு நடிச்சிருக்கேனா அத்தான்?" அவனுக்குக் குரல் கரகரத்தது. "நல்லதையெல்லாம் தூக்கிப் போட்டுட்டு, சும்மா நின்னதை மட்டும் வச்சிருக்கீங்களே."

மனைவி புருஷன் முகத்தைப் பார்க்கவே இல்லை. "உங்க கூடப்பிறந்தவனா இருந்தா இப்படி வெட்டியிருப்பீங்களா?" என்று மட்டும் கேட்டாள்.

மறுநாள் காலை அவன் ராஜினாமா கொடுத்தான். அடுத்த படத்துக்கும் கையெழுத்துப் போட்டான். அதில் அவன் கேட்ட நிபந்தனை ஒன்றே ஒன்றுதான்: எடிட்டர் வேறு ஆளாக இருக்க வேண்டும்.