கனவில் கேட்காத குரல்

“எம்மனுசன் தெனமும் கனாவுல வந்து சாகுறாரு. அதுக்கு ஒரு வாய்தா போட்டுக் குடுங்கய்யா!”

கோர்ட்டு வராந்தாவில் ஒச்சாயி போட்ட சத்தத்தில், வேப்பமரத்தடியில் கண்ணயர்ந்திருந்தவர்கள்கூட எழுந்து உட்கார்ந்தார்கள். “எதிர்த்தரப்பு வக்கீல் வரலைன்னா கேசுக்கு மறுபடி வாய்தாதான், நான் என்னத்தப் பண்றது? போம்மா” என்று குமாஸ்தா ஃபைலுக்குள் தலையைவிட்டுக்கொண்டார்.

சேவுகம்பட்டியில் கிணற்று மோட்டார் தகராறில் அவள் புருசன் கருப்புசாமியைப் பக்கத்துத் தோட்டத்து அழகர் வெட்டிப் பன்னிரண்டு வருசம் ஆகிறது. நேரில் பார்த்த சாட்சி அவள் ஒருத்திதான். நேரில் பார்த்தது ஒரே ஒரு அந்திப்பொழுது. கனவில் பார்த்ததற்குக் கணக்கே இல்லை. கனவில் கத்தரிச்செடிகள் ஆள் உயரம் நிற்கும். கிணற்றுத் தண்ணீர் மேலேறி வந்து வரப்பில் நடக்கும். கருப்புசாமி விழும்போது சத்தமே இருக்காது, மல்லிகை உதிர்வதுபோல. கெட்ட கனவை ஓடுகிற தண்ணீரிடம் சொல்லிவிட வேண்டும் என்பார்கள். விடிந்ததும் வாய்க்காலில் குனிந்து சொல்லிவிடுவாள். சொல்லச் சொல்லக் கனவு வளர்ந்ததுதான் மிச்சம்.

மூன்று மாதத்தில் விசாரணையை முடிக்கும்படி மதுரை ஐகோர்ட்டு உத்தரவு போட்டதும், அரசு வக்கீல் ஜெஸ்ஸி சந்தோசமாகப் போன் செய்தாள். ஒச்சாயிக்கோ பயம்தான் வந்தது. எது பார்த்தது, எது கனா என்று அவளுக்கே பிரிபடவில்லை. ஒரு வார்த்தை பிசகினால் அழகர் தப்பிவிடுவான்.

“போலீசுல சொன்னத அப்படியே சொல்லுங்கம்மா” என்றாள் ஜெஸ்ஸி.

“வாயத் தொறந்தா எது வருமோ தாயி, எனக்கே தெரியல.”

ஒச்சாயி கூண்டில் ஏறியதும் எதிர்த்தரப்பு வக்கீல் ராயப்பராஜ் கேட்டார்: “அழகர் என்ன கலர் சட்டை போட்டிருந்தார்?”

“இப்பத் தெரியல.”

“போலீசுல நீலம்னு சொல்லியிருக்கீங்களே?”

“அன்னைக்குச் சொல்லியிருந்தா நீலந்தான். கனாவுல பச்சையில வாரான், மஞ்சள்ல வாரான். ஜாமீன்ல சும்மாதான திரியுறான், சட்டைய மாத்துறதுக்கென்ன!”

ஜெஸ்ஸி நெற்றியைப் பிடித்துக்கொண்டாள்.

“அப்போ முகத்தையும் கனவுலதான் பார்த்தீங்க?”

ஒச்சாயி கண்ணை மூடினாள். கத்தரிச்செடிகள் விலகின. நடந்த தண்ணீர் கிணற்றுக்குள் இறங்கிப்போனது. வெறும் வரப்பில் ஒரு குரல் நின்றது.

“என் கனாவுல சத்தமே கெடையாதுய்யா. ஆனா அன்னைக்கு அருவாள ஓங்கிக்கிட்டே, ‘மதினி, நீ தள்ளிக்க’ன்னான். ஊருல என்னய மதினின்னு கூப்புடுறவன் இவன் ஒருத்தந்தான். இத நான் கனாவுல கேக்கல. காதால கேட்டேன்.”

அழகர் தலையைக் குனிந்தான். அவள் சொன்னதை அப்படியே எழுதிக்கொள்ளச் சொன்னார் நீதிபதி.

அடுத்த மாதம் அழகருக்கு ஆயுள் தண்டனை. தீர்ப்பைக் கேட்டுவிட்டு ஒச்சாயி பஸ் ஏறினாள். ஜன்னலில் கோர்ட்டு ஊரின் மலைக்கோட்டை நீலமாகக் கரைந்து மறைந்தது. கண் சொக்கியது. கிணறு வரவில்லை, கருப்புசாமியும் வரவில்லை. அவள் இறங்க வேண்டிய ஊர் வந்ததும் தெரியவில்லை, போனதும் தெரியவில்லை.

“ஏம்மா, வத்தலகுண்டு வந்துருச்சு. என்னா தூக்கம் இது!” என்று கண்டக்டர் தட்டி எழுப்பினார்.

“பழைய பாக்கி அப்பு” என்று கொட்டாவி விட்டபடி இறங்கினாள்.

எதிர்க்கடையில் இலவம்பஞ்சுத் தலையணை ஒன்றை அமுக்கிப் பார்த்தாள். கடைக்காரன் நானூறு சொன்னான். அவள் முறைத்த முறைப்பில் முந்நூற்று இருபது ரூபாய்க்குக் கொடுத்தான்.