மாமாவுக்கு வராத சொல்

என் மாமனார் வினாயகமூர்த்திக்குக் கரடியனாற்றில் வயலும் மாடும் இருந்தன. ஆனால் ஊரில் அவரைத் தெரிந்தவர்களுக்கு முதலில் நினைவு வருவது அவருடைய வாய்தான். சந்தியில் சைக்கிளை நிறுத்தினால் நாலு பேரை வம்புக்கு இழுக்காமல் கிளம்ப மாட்டார். நாவற்குடாவிலிருந்து வந்து, அவர் மகள் மங்கையற்கரசியைக் கட்டி, எங்கள் பக்கத்து வழக்கப்படி பெண் வீட்டோடேயே தங்கிவிட்ட என்னைக் கேட்கவே வேண்டாம். "எங்கட டவுன் மருமகனுக்கு நெல்லு எந்த மரத்தில காய்க்குதெண்டு கேட்டுப் பாருங்க" என்று போகிற வருகிறவர்களிடமெல்லாம் சொல்லி என் மானத்தை வாங்குவார்.

அந்த வாய் அடங்கி நடக்கும் இடம் ஒன்றே ஒன்றுதான். சூடடிக்கிற களவெட்டி. களத்துக்குள் காலை வைத்தால் சாதாரணப் பேச்சுப் பேசக் கூடாது. பூதம் கேட்டுக்கொண்டு நிற்கும், நெல்லைத் தூக்கிக்கொண்டு போய்விடும் என்பார்கள். அதனால் களத்துக்கென்று தனிப் பேச்சு இருந்தது. மாடு அங்கே வாரிக்காலன், நெல் அள்ளும் ஓலைக் கடகம் பெருவாயன். எல்லாவற்றையும்விடப் பெரிய குற்றம் 'இல்லை' என்பதும் 'முடிந்தது' என்பதும். குறைந்தாலும் 'பொலி', தீர்ந்தாலும் 'பொலி'. பெருகட்டும் என்று பொருள். முதல் வருடம் நான் விவரம் தெரியாமல், "முடிஞ்சுதா மாமா?" என்று கேட்டு, அவர் கம்போடு துரத்த வரம்பில் விழுந்து எழும்பி ஓடியிருக்கிறேன்.

தொண்ணூற்றொன்றாம் ஆண்டுச் சூடடிப்பின்போது அவருடைய ஒரே மகன் நல்லரத்தினம் செத்துப்போனான். மாடு பார்க்க வயல்வட்டைக்குள் போனவன்மேல் ஷெல் விழுந்தது. யார் அடித்தார்கள், எதற்கு அடித்தார்கள், இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. செய்தி சொல்ல ஒருவன் களவெட்டிக்கு ஓடினான். அவன் சொல்லி முடித்த பிறகு மாமா விழுந்தாரா, வாயைத் திறக்க முன்னமே விழுந்தாரா என்பதுதான் பெரிய குழப்பம். பக்கத்தில் நின்றவர்கள் ஆளுக்கொரு கதை சொன்னார்கள். சொன்னவனுக்கே சரியாக நினைவில்லை.

பாரிசவாதம். மகனின் பிணத்தை எடுத்த அன்று தகப்பன் பேச்சு மூச்சில்லாமல் மட்டக்களப்பு ஆஸ்பத்திரியில் கிடந்தார். நாளாகிக் கண் விழித்தபோது டொக்டர் என்னைக் கூப்பிட்டார்.

"மூளையில பேச்சு இருக்கிற பக்கம் அடிபட்டிருக்கு. வயசும் போயிற்று. சில சொல்லுத் திரும்பி வரும், சிலது வராது. எது வருமெண்டு என்னால சொல்ல ஏலாது. பிறஷர் குளிசையை மட்டும் விட்டிடாதீங்க. இன்னொருக்கா அடிச்சா ஆள் தப்ப மாட்டாரு."

வந்ததெல்லாம் களத்துச் சொற்கள்தான். வளவுக்குள் மாடு வந்தால் "வாரிக்காலன்" என்பார். கடகத்தைக் காட்டினால் "பெருவாயன்" என்பார். மாடு என்ற சொல்லும் கடகம் என்ற சொல்லும் போன இடம் தெரியவில்லை. பெண்சாதியின் பெயரும் வரவில்லை, மகன் மகள் பெயரும் வரவில்லை. "இது நோய் வருத்தமில்ல, பூதம்தான் வந்து பேசுது" என்று மாமி இராசாத்தி கோயிலுக்கு ஓடினார். எனக்குப் பூதத்தில் நம்பிக்கையில்லை, ஆனாலும் அந்தப் பேச்சை வீட்டுக்குள் கேட்கக் கேட்க எனக்கும் ஒரு மாதிரித்தான் இருந்தது. சுவரில் மாலை போட்டிருந்த நல்லரத்தினத்தின் படத்தைப் பார்த்து மாமா சிரிப்பார். "பொலி" என்பார். மகன் செத்தது தெரிந்து சொல்கிறாரா, தெரியாமல் சொல்கிறாரா? கேட்பதென்றால் சொல்ல வேண்டும். சொல்ல ஒருவருக்கும் தைரியம் வரவில்லை.

அடுத்த கிளினிக்குக்குக் கூட்டிக்கொண்டு போனேன். வழியில் ஆமியின் சென்றி, சோதனைத் தடை. மகன் இயக்கத்துக்குப் போயிருப்பான் என்ற சந்தேகத்தில் ஆமிக்காரன் வயதானவர்களிடம் ஒரே கேள்விதான் கேட்பான்.

"மகன் இருக்கா?"

மாமா முகமெல்லாம் சிரிப்பாக, "பொலி" என்று தலையாட்டினார்.

"எங்க?"

"பொலி, பொலி."

நான் குறுக்கே பேசப்போய் அறை வாங்கினேன். அவர்களுக்குக் கிழவன்தான் சொல்ல வேண்டுமாம், மருமகன் சொல்லக் கூடாதாம். வெயில் சாயும்வரை எங்களைக் குந்த வைத்துவிட்டுத் திருப்பி அனுப்பினார்கள். அடுத்த முறையும் மகனை ஒளித்தால் வீட்டுக்கே வருவோம் என்றார்கள். கையிலிருந்த குளிசை அடுத்த கிளினிக் வரைக்கும்தான் போதும்.

ஆகவே மாமாவுக்கு 'இல்லை' சொல்லப் பழக்கத் தொடங்கினேன். மங்கையற்கரசி வெறும் கேத்திலைக் கவிழ்த்துக் காட்டுவாள்.

"அப்பா, தேத்தண்ணி இருக்கா?"

"பொலி."

"இல்ல எண்டு சொல்லுங்க அப்பா."

"பொலி."

வெறும் பானை, வெறும் சாக்கு, வெறும் கை. எல்லாம் பொலி! எனக்குக் கோபம் தலைக்கேறும். கத்துவேன். அவர் என் வாயையே பார்ப்பார். தன் உதட்டை என்னென்னவோ செய்து பார்ப்பார். கண் கலங்கும். பிறகு நானே வெட்கப்பட்டு அவருக்கு வெற்றிலை மடித்துக் கொடுப்பேன்.

ஒரு நாள் மாமி உலக்கையைப் போட்டுவிட்டு வந்தார்.

"மருமகன், போதும். அவருக்காவது என்ட புள்ள இருக்கட்டும்."

"குளிசை இல்லாட்டி இவரும் இருக்க மாட்டாரு மாமி."

மாமி உலக்கையை எடுத்து மூலையில் சாத்தினார். பிறகு வந்து, மாமாவின் பக்கத்தில் குந்தி, தன் வெறும் உள்ளங்கையை அவருக்குக் காட்டினார். "இல்ல" என்றார். அன்றிலிருந்து அவரும் பழக்கினார்.

கிளினிக் நாள் வந்தது. அதுவரைக்கும் மாமா அந்தச் சொல்லை ஒரு தரமாவது சொல்லவில்லை. சென்றி வரிசையில் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"மகன் இருக்கா?"

மாமா என்னைப் பார்த்தார். வாய் கோணி அசைந்தது.

"இல்ல" என்றார்.

எவ்வளவு தெளிவாகச் சொன்னார்! ஆமிக்காரன் போகச் சொல்லிக் கையைக் காட்டினான். எனக்கு வந்த சந்தோசத்தில் தலைகால் தெரியவில்லை. தடையைத் தாண்டியதும் அவருடைய தோளைத் தட்டி, "சரியாச் சொல்லிட்டீங்க மாமா! வெண்டிட்டீங்க!" என்றேன்.

அவர் நடக்கவில்லை. றோட்டு நடுவில் நின்று என் முகத்தைப் பார்த்தார்.

"இல்லயா?" என்று கேட்டார். "மகன்... இல்லயா?"

பின்னால் ஆமிக்காரன் நிற்காமல் போகச் சொல்லிக் கத்தினான். வரிசையில் நின்றவர்கள் எங்களையே பார்த்தார்கள். பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் நினைத்தேன்.

"ஓம் மாமா" என்றேன்.

"நல்லரத்தினம்" என்று கூப்பிட்டுக்கொண்டு அவர் றோட்டிலேயே குந்திவிட்டார்.