வடக்குக் கோடு: கல்வராயன் மலையில் ஆண்ட்ரமீடா பார்த்தது

இருண்ட வானம் எனக்குப் பயம். அதனால்தான் போனேன்.

கல்லூரி விடுதியில் ஆண்ட்ரமீடா கேலக்ஸியின் படத்தைச் சுவரில் ஒட்டியிருந்தேன். ஒரு வாரத்தில் கழற்றிவிட்டேன். இருபத்தைந்து லட்சம் ஒளியாண்டுத் தொலைவு. இன்று நம் கண்ணில் விழும் அதன் ஒளி அங்கிருந்து கிளம்பியபோது இங்கே நம்மைப் போல ஒருவர்கூட இல்லை. அந்த எண்ணோடு தூங்க முடியவில்லை. சென்னையில் தொல்லை இல்லை, தெருவிளக்குகள் எல்லாவற்றையும் மூடிவிடுகின்றன. ஆனால் நேரில் பார்க்காத ஒன்றுக்குப் பயந்துகொண்டிருப்பது கேவலமாக இருந்தது. தை அமாவாசைக்கு முந்தின நாள் கிளம்பினேன்.

கிளாம்பாக்கத்தில் காலை ஆறு மணிப் பேருந்து. கள்ளக்குறிச்சியில் இறங்கும்போது பதினொன்றரை. வெள்ளிமலைக்குப் பேருந்து உண்டு. ஆனால் தொலைநோக்கியும் முக்காலியும் இருபது கிலோ. ஜீப் பேசினேன், போக வர, காத்திருக்க, எல்லாம் சேர்த்து 2,800 ரூபாய். ஓட்டுநர் செல்வம், கச்சிராயபாளையத்துக்காரர். முக்காலியைப் பின்னால் ஏற்றும்போதே கேட்டார்.

"இன்னா மேடம், மேல எதுனா அளக்கப் போறீங்களா?"

"வானத்தை."

சிரித்தார். "அத யாரும் பட்டா போட்டு வச்சிருக்கல. தாராளமா அளங்க."

நானும் சிரித்தேன்.

கச்சிராயபாளையம் தாண்டியதும் மலை தொடங்குகிறது. வளைவுகள் அதிகம். வயிறு ஒத்துழைக்காதவர்கள் காலையில் குறைவாகச் சாப்பிடுங்கள். வெள்ளிமலைக்கு நான்கு கிலோமீட்டர் முன்பு ஒரு கிளைச்சாலை. அதன் முடிவில் பாறைத்தரை, மூன்று பக்கம் திறந்த வானம், பக்கத்தில் ஆளுயர மரவள்ளிக் கொல்லை. முனையிலிருந்த டீக்கடையில் விசாரித்தேன். பொறம்போக்குதான், யாரும் கேட்கமாட்டார்கள் என்றார் கடைக்காரர். அது போதும் என்று நினைத்தேன்.

இங்கே கொஞ்சம் தொழில்நுட்பம். என் தொலைநோக்கியின் அச்சு வடக்கைப் பார்த்து நிற்க வேண்டும். அப்போதுதான் பூமி சுழன்றாலும் நட்சத்திரம் கண்ணிலிருந்து நழுவாது. நம் ஊரில் துருவ நட்சத்திரம் அடிவானத்தை ஒட்டியே இருக்கும். அங்கே அதை ஒரு குன்று மறைத்தது. எனவே வெளிச்சம் இருக்கும்போதே திசைகாட்டி வைத்து, சுண்ணாம்புத்தூளால் வடக்கே ஒரு கோடு போட்டேன். முக்காலியின் கால் வைக்கும் இடங்களில் மூன்று கற்கள். கோடு நேராக இருந்தது. பாறையில் தொடங்கி, மரவள்ளிக்குள் நாலடி போய் நின்றது.

ஏழு மணிக்கு முழு இருட்டு. செல்வம் பரோட்டா வாங்க வெள்ளிமலைக்குப் போனார். ஜீப்பின் சத்தம் தேய்ந்தது. பிறகு எதுவும் இல்லை.

தலைக்கு மேல் கார்த்திகைக் கொத்து. வெறுங்கண்ணுக்கு ஆறு, கருவியில் எண்ண முடியவில்லை. கிழக்கே வேட்டைக்காரன் ஓரியனின் வாளில் நெபுலா என்ற வாயுமேகம், மூச்சுப்பட்ட கண்ணாடி போல. அதுவரை சமாளித்தேன். கருவியை வடமேற்கே திருப்பினேன்.

ஆண்ட்ரமீடா படத்தில் இருப்பது போல இல்லை. நிறம் இல்லை, சுருள் இல்லை. சாம்பல் நிறத்தில் நீளமான ஒரு கறை. நேராகப் பார்த்தால் மங்குகிறது. பார்வையை ஓரமாக நகர்த்தினால் பெரிதாகிறது. நான் பார்க்காதபோது அது நெருங்கி வருவது போல. கம்பளியை இழுத்து மூடிக்கொண்டேன். குளிர் என்று சொல்லிக்கொண்டேன்.

மரவள்ளிக்குள் இலை உரசும் சத்தம்.

நான்கு டார்ச்சுகள். பேச்சே இல்லாமல் வந்தார்கள். முன்னால் நாற்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண், பின்னால் மூன்று ஆண்கள். ஒருவர் கையில் களைக்கொத்து. வெளிச்சம் என் முகத்துக்கு வரவில்லை. முக்காலியில் விழுந்தது. பிறகு கல்லில், கல்லில், கல்லில். பிறகு கோட்டின் மேல் மெதுவாக நகர்ந்து, கொல்லைக்குள் போய் நின்றது.

"எங் கொல்லயில இன்னா அளக்கற?" என்றார் அந்தப் பெண்.

"அளக்கலக்கா. நட்சத்திரம் பார்க்க வந்தேன்."

"மானத்தப் பாக்கறவ மண்ணுல எதுக்குக் கோடு போட்ட?"

வடக்கு என்றேன். அச்சு என்றேன். என் குரல் எனக்கே பொய்யாகக் கேட்டது. கொத்து வைத்திருந்தவர் சிரித்தார். "வடக்கு எதுன்னு எங்களக் கேட்டிருந்தா கைய நீட்டிக் காட்டியிருப்பமே. சுண்ணாம்பு மிச்சமாயிருக்கும்."

அவருடைய தோள் கருவியின் மேல் இடித்தது. அது லேசாக ஆடியது. இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டேன்.

"போன வருசமும் இப்பிடித்தான் மூணு கால வச்சிகினு வந்தாங்க," என்றார் அந்தப் பெண். "கேட்டா, சும்மா பாக்க வந்தோம்னாங்க. எங்க மாமியா வூட்டுக் கொல்லயில பாதி இப்ப அவங்க நட்ட கல்லுக்கு அந்தாண்ட இருக்குது." இதைச் சொல்லும்போதும் அவர் டார்ச் என் கற்களையே ஒவ்வொன்றாகத் தொட்டு வந்தது. அப்போதுதான் பார்த்தேன். என்னைவிட அவர்தான் அதிகம் பயந்திருந்தார்.

ஜீப்பின் விளக்கு வந்தது. செல்வம் பரோட்டாப் பொட்டலத்தோடு இறங்கி ஓடிவந்தார். "யக்கா, யக்கா! இது அளக்கற ஆளு இல்ல. அதுங்க காருல வரும், தொப்பி போட்டுகினு. இது காசு குடுத்து குளுருல நிக்குது. லூசு."

யாரோ சிரித்தார்கள். அந்தப் பெண் சிரிக்கவில்லை. "இதுல இன்னா தெரியுது, காட்டு" என்றார்.

குனிந்து பார்த்தார். வெகு நேரம்.

"பொக மாதிரி இருக்குது. எவ்ளோ தூரம்?"

யோசிக்காமல் சொன்னேன். ஒளி போக இருபத்தைந்து லட்சம் வருடம் ஆகும் தூரம்.

நிமிர்ந்தார். "அப்ப அதயும் எவனோ அளந்துட்டான்."



"அளந்தவன் சும்மா வுடுவானா?" அதை என்னிடம் கேட்கவில்லை, கறை இருந்த திசையைப் பார்த்துக் கேட்டார். பிறகு என் பக்கம் திரும்பி, "நீ வச்ச கல்ல நீயே எடு."

எடுத்தேன். ஒவ்வொன்றாகத் தூரப் போட்டேன். கோட்டை அவரே காலால் தேய்த்தார். முழுவதும் போகாததால் குடத்தில் தண்ணீர் கொண்டுவரச் சொன்னார். எட்டரைக்குக் கிளம்பிவிட்டோம். பரோட்டா ஜீப்பிலேயே ஆறிக் கிடந்தது.

போக நினைப்பவர்களுக்கு: தையும் மாசியும் நல்ல மாதங்கள், இந்த வானத்துக்கு நான் உத்தரவாதம். கம்பளி வேண்டும். பெட்ரோல் கீழேயே நிரப்பிக்கொள்ளுங்கள். பொறம்போக்கு என்று கடையில் சொன்னாலும், பக்கத்துக் கொல்லைக்காரரைப் பகலிலேயே தேடிப் போய்ப் பேசுங்கள், கருவியைத் திறந்து காட்டுங்கள். தரையில் எதையும் குறிக்காதீர்கள். வடக்கை யாரிடமாவது கேளுங்கள். 'அளப்பது' என்ற சொல்லை விளையாட்டுக்கும் சொல்லாதீர்கள்.

பயம் போயிற்றா என்றால், இல்லை. இடம் மாறியிருக்கிறது. அந்த எண்ணைப் படிக்கும்போது தூரம் தெரிவதில்லை, அளந்தவர்கள் தெரிகிறார்கள். அவர்களில் நானும்.

அன்றிரவு ஜீப் கிளம்பி, முதல் வளைவில் திரும்பிப் பார்த்தேன். மற்ற மூன்று டார்ச்சுகளும் போய்விட்டன. ஒன்று மட்டும் மரவள்ளிக்குள் தாழ்வாக, வரிசை வரிசையாக நகர்ந்துகொண்டிருந்தது. நான் வைக்காத கற்களை அந்தப் பெண் தேடிக்கொண்டிருந்தார்.