அக்காவும் கிம்னாஸும்

அந்தக் குளிர்காலம் முழுவதும் எங்கள் அறையில் ரேடியேட்டரின் மேல் காயப்போட்ட கம்பளிக் கையுறைகளின் ஈர மணம் நிறைந்திருந்தது. ஒரு சோடி என்னுடையது, மற்றது யாழ்ப்பாணத்திலிருந்து புதிதாக வந்திருந்த வதனி அக்காவுடையது. அவளை ஐந்து வயதில் மாமியிடம் விட்டுவிட்டு, வயிற்றில் என்னைச் சுமந்திருந்த அம்மாவோடு அப்பா ஒஸ்லோவுக்கு வந்திருந்தார். சில மாதங்களில் அழைத்துவிடலாம் என்று நினைத்த பிள்ளை, போரும் விசாவும் இழுத்தடித்ததில் பத்து வருடம் கழித்தே நகரத்தின் ஓரத்தில், ஹொல்ம்லியாவில் இருந்த எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தாள். அதுவரை ஒரே பிள்ளையாக வளர்ந்த நான் என் அறையில் பாதியை அவளுக்குக் கொடுத்தேன். அம்மா அவளுடைய பழைய புள்ளி அறிக்கைகளை வருகிறவர்களுக்கெல்லாம் எடுத்துக் காட்டிக்கொண்டிருந்ததை மட்டும் என்னால் பொறுக்க முடியவில்லை.

அவளை அயலில் உள்ள பாடசாலையில் பத்தாம் வகுப்பில் சேர்த்தார்கள். கணக்கில் அவள் முதல், நோர்வேஜிய மொழியில் கடைசி. அப்பாவுக்கு அதெல்லாம் பெரிதாகப் படவில்லை. பஸ் டிப்போவில் அவரோடு துப்புரவு வேலை செய்த ஒரு நோர்வேஜியக் கிழவர், பல்கலைக்கழகம் போகிற பிள்ளைகள் முதலில் "கிம்னாஸ்" போகவேண்டும் என்று சொல்லியிருந்தார். படிவங்களில் அந்தப் பெயர் என்றோ ஒழிந்துபோய், "அல்மென்ஃபாக்", அதாவது பொதுப்பாடங்கள், என்றுதான் அப்போது இருந்தது. ஆனாலும் அப்பாவுக்கு அது கிம்னாஸ்தான். பாடசாலையில் நாங்கள் உடற்பயிற்சிப் பாடத்தைக் "கிம்" என்று சொல்வதைக் கேட்டிருந்த அம்மா, "படிக்கிற பிள்ளையை ஏன் ஓடப் பாய அனுப்புறியள்?" என்று கேட்டாள். "எங்கட ஏ லெவல் மாதிரியப்பா. அங்கை போனால்தான் கம்பஸ்," என்றார் அப்பா. போரினால் தன் பல்கலைக்கழகப் படிப்பைப் பாதியில் விட்டவர் அவர்.

அந்தப் பெப்ரவரியில் பாடசாலையின் ஆலோசகர் பெற்றோரை வரச்சொன்னார். அப்பா அக்காவையும் என்னையும் கூட்டிக்கொண்டு போனார். வரவேண்டிய மொழிபெயர்ப்பாளர் காய்ச்சல் என்று வரவில்லை. வேறொரு நாளுக்கு மாற்றுவோமா என்று ஆலோசகர் கேட்டபோது, வேலையில் இன்னொரு நாள் லீவு கேட்கத் தயங்கிய அப்பா என்னை முன்னால் இருத்தி, "இவள் கதைப்பாள்," என்றார்.

ஆலோசகர் நல்ல மனுசி. வதனி கெட்டிக்காரி என்றும், மொழிதான் அவளைப் பின்னால் இழுக்கிறது என்றும், இன்னொரு வருடம் பத்தாம் வகுப்பிலிருந்து மொழியை மட்டும் உறுதியாகப் படித்தால் அதன்பிறகு எந்த நல்ல கிம்னாஸிலும் இடம் கிடைக்கும் என்றும் மெதுவாக எனக்கு விளங்கும்படி சொன்னார். எனக்கு முழுவதும் விளங்கியது. ஆனால் "கெட்டிக்காரி" என்ற சொல்லை நானே என் வாயால் அப்பாவிடம் சொல்ல அன்று எனக்கு மனம் வரவில்லை.

"அக்காவை இன்னொரு வருசம் பத்தாம் வகுப்பிலையே இருக்கட்டாம்," என்றேன்.

"பெயிலாக்கினமோ?"

"ஓம்."

அப்பாவின் முகம் கறுத்தது. "என்ர பிள்ளை பெயிலாகிறவள் இல்லை," என்று தமிழில் சொல்லிவிட்டு, தனக்குத் தெரிந்த நோர்வேஜியச் சொற்களைப் பொறுக்கி, "இல்லை. கிம்னாஸ். இந்த வருசம்," என்றார். ஆலோசகர் என்னைப் பார்த்தார். நான் மேசையைப் பார்த்தேன். பக்கத்தில் இருந்த அக்கா தன் கையுறைகளை எடுத்து மாட்டத் தொடங்கினாள்.

அந்த ஆவணியில் நகரத்தின் மறுகோடியில், புள்ளி குறைந்தவர்களுக்கும் இடமிருந்த ஒரு பாடசாலையில் அவளுக்கு அல்மென்ஃபாக் கிடைத்தது. ரயிலும் பஸ்ஸுமாக ஒரு மணித்தியாலப் பயணம். வரலாறும் சமூகவியலும் அவளுக்குப் பக்கம் பக்கமாகப் புரியாத சொற்கள். ஒரு கட்டுரையில் ஆசிரியர் சிவப்பில் இட்ட கோடுகள் அவள் எழுதிய வரிகளை விட அதிகமாக இருந்ததை நான் களவாகப் பார்த்திருக்கிறேன். முதல் வருடம் மூன்று பாடங்கள் போயின. இரண்டாம் வருடம் கணக்கும் போனது. மூன்றாம் வருடம் தொடங்கியபோது அவள் காலையில் எழும்பவில்லை. அம்மா போர்வையை இழுத்தாள், அழுதாள். அப்பா கதவடியில் நின்றுவிட்டு வேலைக்குப் போனார். பத்தாம் வகுப்பில் அக்காவோடு இருந்த சோமாலியப் பிள்ளை ஒருத்தி, அந்த மேலதிக வருடத்தைப் படித்துவிட்டு கிம்னாஸ் போய், பிறகு மருந்தாளர் ஆனாள். அதை அம்மா கடையில் கேள்விப்பட்டு வந்து சொன்ன நாளில் நான் சாப்பிடவில்லை.

நான் நகர நடுவிலுள்ள பழைய கிம்னாஸ் ஒன்றுக்குச் சுலபமாகப் போனேன். அங்கே வரலாற்று ஆசிரியர் அந்தச் சொல்லின் பிறப்பைச் சொன்னார்: கிரேக்கத்தில் அது வாலிபர்கள் ஆடையின்றி உடற்பயிற்சி செய்த இடம், தத்துவ ஞானிகள் அங்கே வந்து பேசியதால் மெல்ல அறிவுக்கும் இடமானது, நூற்றாண்டுகள் கழித்து ஜெர்மானியர்கள் பல்கலைக்கழகத்துக்கு ஆள் தயார்செய்யும் பள்ளிக்கு அந்தப் பெயரை வைத்தார்கள், இங்கே பேராலயங்களின் லத்தீன் பள்ளிகள் அந்த வழியில் வந்து சேர்ந்தன. அம்மா கேட்டது அவ்வளவு பிழையில்லை என்று எனக்குச் சிரிப்பு வந்தது. கிரேக்கரின் அந்த இடத்துக்குள் அடிமைகள் நுழையக்கூடாது என்று ஆசிரியர் தொடர்ந்தபோது, யாரை உள்ளே விடுவது என்று தீர்மானிக்க அங்கே ஒரு அதிகாரி இருந்தாராம் என்றபோது, சிரிப்பு நின்றுபோனது.

அப்பா இறந்த வருடம்தான் அக்காவிடம் உண்மையைச் சொன்னேன். தான் வேலை செய்யும் முதியோர் இல்லத்துக்குப் போக, ட்வெய்ட்டா நிலையத்தில் அவள் பஸ்ஸுக்குக் காத்து நின்றாள்.

"தெரியும்," என்றாள். "அண்டைக்கே எனக்கு விளங்கினது. அவ்வளவு நோர்ஸ்க் அப்பவே எனக்குத் தெரியும்."

"பிறகேன் அக்கா நீ ஒண்டும் சொல்லேல்லை?"

"அப்பா 'என்ர பிள்ளை' எண்டவர். பத்து வருசம் அவர் அப்பிடிச் சொல்லி நான் கேட்கேல்லை. அதை மறுத்து நான் என்னத்தைச் சொல்ல?"

பஸ் வந்தது, ஏறிப் போய்விட்டாள். அதைப்பற்றி நாங்கள் பிறகு கதைத்ததில்லை. மன்னித்தாளா என்று கேட்க எனக்குத் துணிவில்லை. அல்மென்ஃபாக் என்ற பெயரும் இப்போது படிவங்களில் இல்லை, கிம்னாஸ் என்று வாய் நிறையச் சொல்ல வீட்டில் அப்பாவும் இல்லை. அக்காவுக்கு நாற்பதை நெருங்குகிறது. முதியோர் இல்லத்தில் மற்றவர்களின் அறிக்கைகளையும் திருத்திக் கொடுக்கிறவள் அவள்தான். நோர்வேஜியத்தில் ஒரு எழுத்துப் பிழை வராது. அந்த மொழி வந்துசேர அவளுக்கு அன்று ஒரேயொரு வருடம்தான் தேவைப்பட்டது.